கஞ்சா வழக்கில் குண்டாஸ்: 'ஒத்த வழக்கு' ஜாமீன் பற்றித் தீர்ப்பு வேண்டும்

சீனியர்களுக்கு வணக்கம். தமிழ்நாடு 14/1982 சட்டத்தில் (குண்டர் தடுப்புச் சட்டம்) 'மருந்துசரக்குக் குற்றவாளி' என்று அடைத்த ஆணையை எதிர்த்து எச்.சி.பி. (ஆட்கொணர்வு மனு) தயாராகிறது. பிடிபட்டது 22 கிலோ கஞ்சா. 20 கிலோவைத் தாண்டியதால் வணிக அளவு, ஜாமீனுக்குப் போதைப்பொருள் தடுப்புச் சட்டம் (என்.டி.பி.எஸ்.) 37-ஆம் பிரிவின் இரட்டை நிபந்தனை (குற்றவாளி அல்ல, வெளிவந்தால் குற்றம் செய்யமாட்டார் என்று நீதிமன்றம் நம்ப வேண்டும்) குறுக்கே நிற்கிறது. ஜாமீன் மனுவே போடவில்லை. ஆனாலும் "ஒத்த வழக்கில் ஜாமீன் கிடைத்துள்ளது, இவரும் வெளிவர வாய்ப்புண்டு" என்கிறது ஆணை. புக்லெட்டில் (ஆணையோடு தரும் ஆவணத் தொகுப்பு) வைத்திருக்கும் அந்த உத்தரவைப் புரட்டினால் அங்கே சரக்கு 8 கிலோதான்! 37 அதற்குப் பொருந்தவே பொருந்தாது.

உச்ச நீதிமன்றத்தின் ரேகா வழக்கு (2011) தெரியும். அதில் ஒத்த வழக்கின் விவரமே தரப்படவில்லை. இங்கே விவரம் இருக்கிறது, ஒப்பீடுதான் தவறு. எடை வித்தியாசத்தை வைத்தே ஆணையை ரத்து செய்த டிவிஷன் பெஞ்ச் (இரு நீதிபதி அமர்வு) உத்தரவு யாரிடமாவது இருக்கிறதா? எண்ணும் தேதியும் போதும்.

இரண்டாவது, கைதுக்கும் ஆணைக்கும் 54 நாள் இடைவெளி. இந்தத் தாமதத்துக்குச் சுசாந்த குமார் பானிக் (2022) தீர்ப்பு கைவசம் உண்டு. ரசாயன ஆய்வறிக்கைக்குக் காத்திருந்தோம் என்று அரசுத் தரப்பு சொன்னால் என்ன பதில் எடுபட்டது?

ஆணையை எதிர்த்து அரசுக்குக் கொடுத்த மனுவின் பரிசீலனைத் தாமதத்தை இப்போதைக்கு நம்பவில்லை. புரொஃபார்மா (மனு எந்தத் தேதியில் யாரிடம் இருந்தது என்று அரசுத் தரப்பு தரும் பட்டியல்) வந்து, விடுமுறை நாட்களைக் கழித்த பிறகுதான் அது தேறுமா என்று தெரியும். அதற்கு ராஜம்மாள் (1999) தீர்ப்பு தயாராக இருக்கிறது. புக்லெட் 67-ஆம் பக்க ரிமாண்ட் நகல் வெறும் கறுப்புப் பட்டை. அதைத் தனி கிரவுண்டாகச் சேர்த்தாயிற்று.