புதுப்பிப்பு: சலமன்கா மாலை நடை போயிட்டு வந்தாச்சு

ஸ்பெயினின் சலமன்காவில் வழிகாட்டியோடு மாலை நடை போகலாமா, நாமே சுற்றினால் போதுமா என்று கேட்டிருந்தேன். வழிகாட்டியோடுதான் போனேன், கொடுத்த காசுக்குத் தகும்.

பல்கலைக்கழக முகப்பில் மண்டையோட்டின் மேல் குந்தியிருக்கும் தவளையை நானே தேடியிருந்தால் கழுத்து வலிதான் மிச்சம். புதிய கதீட்ரல் வாசலில் ஒரு விண்வெளி வீரர் வேறு! பழைய சிற்பிக்கு ஞானதிருஷ்டி என்று நினைத்துவிடாதீர்கள், 1992 சீரமைப்பின்போது செதுக்கியது. வெயில் சாயச் சாய, இந்தக் கட்டடங்களைக் கட்டிய வில்லமயோர் மணற்கல் தேன் நிறமாகிறது. கல்லிலுள்ள இரும்புதான் காரணமாம்.

ஒரே குறை, எல்லாம் வெளியே நின்று கேட்கும் கதைதான். உட்புறங்களைப் பகலிலேயே பார்த்துவிடுங்கள். கோடையில் ஒன்பதரைக்கும் வெளிச்சம் இருக்கும். ஊரின் முக்கியச் சதுக்கமான பிளாசா மயோரில் விளக்கேற்றுவதைப் பார்க்க ஆசையென்றால் கடைசி நடைக்குப் பதியுங்கள்.