தாத்தா வீட்டுக் குரூப்: டெர்ரி பிஷப் கதை

டெர்ரி அக்கா: 📷 போட்டோ

டெர்ரி அக்கா: இன்னைக்கு எனக்கு டியூட்டி இல்ல. வட அயர்லாந்துல நாங்க இருக்கிற டெர்ரியிலருந்து ரயில் ஏறி காசில்ராக்ல இறங்கி நடந்து வந்தோம். இந்த வட்டக் கட்டடம் பாறை விளிம்புலயே நிக்குது பாருங்க. 120 அடி கீழ கடல். நாங்க வந்த ரயில் லைன் இதுக்கு அடியில குகைக்குள்ளதான் போவுது 😳

பாளை அத்தை: ஏட்டி ஓரத்துக்குப் போவாத. புள்ளைய கையில புடி

பாளை அத்தை: கோயிலா அது?

டெர்ரி அக்கா: லைப்ரரி அத்தை. 1785ல ஒரு பிஷப் கட்டுனது. முஸெண்டன் டெம்பிள்னு பேரு

சித்தப்பா: பிஷப்புக்கு எதுக்கும்மா டெம்பிள்

டெர்ரி அக்கா: ரோமுக்குப் பக்கத்துல டிவோலியில ஒரு பழைய வட்டக் கோயில் இருக்கு. அதுல மயங்கி அதே சாயல்ல இங்க கட்டிட்டார் சித்தப்பா. ஃபிரெடெரிக் ஹெர்வி. டெர்ரி பிஷப்பும் அவர்தான், பிரிஸ்டல் ஏர்லும் அவர்தான்

நான்: ஏர்ல்னா ஜமீன்தார் மாதிரியாக்கா?

டெர்ரி அக்கா: அதுக்கும் மேல. அப்பா லார்டு ஹெர்வி, அரண்மனையில செல்வாக்கான ஆளு. மூத்தவனுக்குச் சொத்து, ரெண்டாவது கப்பல்படை, மூணாவதா பொறந்த இவர் சபை ஊழியம். 1766ல பெரியண்ணனை அயர்லாந்துக்கு ராஜப் பிரதிநிதியா போட்டாங்க. 1767ல தம்பி க்ளோய்ன் பிஷப். 1768ல அதைவிட வருமானமுள்ள டெர்ரி

சித்தப்பா: நம்மூரு பிஷப் தேர்தல் மாதிரி ஓட்டுப் பொட்டி இல்ல, கோர்ட்டு கேஸ் இல்ல. அண்ணன் சிபாரிசோட முடிஞ்சுது 😀

டெர்ரி அக்கா: ரெண்டு அண்ணனும் வாரிசு இல்லாம போக, 1779ல ஏர்ல் பட்டமும் இவர் கைக்கே வந்துட்டு

சித்தப்பா: அவர் பொறுப்புல இருந்த சபைங்கள, திருமண்டலத்த யாரு பாத்தா?

டெர்ரி அக்கா: மொதல்ல நல்லாத்தான் பாத்திருக்கார். ரோடு, ஃபாய்ல் ஆத்துப் பாலம் எல்லாத்துக்கும் முன்ன நின்னிருக்கார். ஆனா கால் ஒரு இடத்துல நிக்காது. பிஷப் ஆவுறதுக்கு முன்னயே 1766ல வெசூவியஸ் எரிமலைய கிட்டப் போய் பாத்து, கல்லு தெறிச்சு கையில காயம். கடைசி பத்து வருஷத்துக்கு மேல டெர்ரிப் பக்கமே வரல. இத்தாலியில சிலையும் படமுமா வாங்கிக் குவிச்சார். 1798ல பிரெஞ்சுப் படை அம்புட்டையும் அள்ளிக்கிட்டு, ஆளையும் மிலான் கோட்டையில அடைச்சுப் போட்டுச்சு

நான்: ஐரோப்பா பூரா ஹோட்டல் பிரிஸ்டல்னு இருக்கே, அது இவராலயா?

டெர்ரி அக்கா: அப்படித்தான் சொல்றாங்க. இவர் தங்குனாலே அந்த விடுதிக்கு மவுசாம்

சித்தப்பா: சம்பளம் டெர்ரியில, சாப்பாடு இத்தாலியில. யோவான் 10:12 யாராவது வாசிச்சுக் காட்டிருக்கலாம். ஆடுகளை விட்டு ஓடுற கூலியாள்

டெர்ரி அக்கா: அதுல உங்க கட்சிதான். ஆனா இந்த டெம்பிளுக்குக் கீழ ஒரு ரூம் இருக்கு சித்தப்பா. சுத்துவட்டாரத்துல கத்தோலிக்கருக்குக் கோயில் கிடையாது. வாராவாரம் பூசை வச்சுக்கிடுங்கன்னு அந்த ரூமைக் குடுத்தவர் இவர்

சித்தப்பா: புராட்டஸ்டன்ட் ஆங்கிலிகன் பிஷப்பா? அந்தக் காலத்துலயா?

டெர்ரி அக்கா: ஆமா. அப்ப கத்தோலிக்கருக்கு ஓட்டே கிடையாது. அயர்லாந்துல முக்கால்வாசி சனம் அவங்கதான். அவங்களுக்கும் ஓட்டு வேணும்னு 1783ல டப்ளின் மாநாட்டுல மல்லுக்கட்டுனார். ராஜா கணக்கா குதிரைப்படை சூழத்தான் போனார், அது வேற. எடுபடல

பாளை அத்தை: எப்படி செத்தார்?

டெர்ரி அக்கா: 1803ல, அல்பானோவுலருந்து ரோமுக்குப் போற வழியில. பதிதரான, அதாவது கத்தோலிக்கம் இல்லாத பிஷப்ப வீட்டுக்குள்ள விடமாட்டேன்னு குடியானவர் ஒருத்தர் மறுக்க, வெளிக் கொட்டகையிலயே உயிர் போச்சுன்னு சொல்வாங்க. பொணம்னா கப்பல்காரங்க பயப்படுவாங்கன்னு, பெட்டிக்கு மேல பழைய சிலைன்னு போட்டு இங்கிலாந்துக்கு அனுப்புனாங்களாம்

நான்: சிலை வாங்குன ஆளு கடைசியில சிலையாவே போயிருக்கார் 😂

சித்தப்பா: கத்தோலிக்கருக்கு ரூம் குடுத்தவருக்கு இந்தக் கதியா

டெர்ரி அக்கா: டெர்ரிக்காரங்க மறக்கல. அவர் சொந்த ஊரு இக்வொர்த்ல தூண் நிறுத்தக் காசு பிரிச்சுக் குடுத்தாங்க. டெர்ரி கத்தோலிக்க பிஷப்பும் பிரெஸ்பிட்டேரியன் போதகரும் அதுக்குப் பணம் போட்டதை அந்தக் கல்லுலயே வெட்டியிருக்கு

சித்தப்பா: சரி, பாதி மார்க் குடுக்கலாம். ஊர்ல இல்லாததுக்கு பாதி கட்

பாளை அத்தை: பொண்டாட்டி புள்ள?

டெர்ரி அக்கா: பொண்டாட்டி 1782லயே பிரிஞ்சாச்சு. ஒரு மருமகன் பின்னால இங்கிலாந்துக்கே பிரதமர் ஆனார், லிவர்பூல் பிரபு. இன்னொரு மக எலிசபெத் கதைய மட்டும் கேக்காதீங்க

பாளை அத்தை: அதச் சொல்லுட்டி மொதல்ல

டெர்ரி அக்கா: சின்னப் புள்ளைங்க இருக்கிற குரூப்பு அத்தை. ராத்திரி போன் பண்றேன் 🙈