பொருள்: செவ்விசையைப் பிரித்துக் காட்டும் படங்களுக்கு ஒரு சொல்

அன்புள்ள குழுவினருக்கு, வணக்கம்.

புதுமுயற்சியாக எடுக்கப்பட்ட சோதனைத் திரைப்படங்கள் பற்றிய என் பாடக்குறிப்பு திங்கட்கிழமை அச்சுக்குப் போகிறது. பேத்தோவனின் 200ஆம் பிறந்த ஆண்டையொட்டி இசையமைப்பாளர் மௌரீசியோ காகெல் எடுத்த ‘லுட்விக் ஃபான்’ நெடும்படமே எனினும், அதிலிருந்து ஒரு காட்சியை மாணவர்களுக்குக் காட்டவிருக்கிறேன். ஓர் அறையின் சுவர், நாற்காலி, மேசை என எல்லாவற்றின் மீதும் பேத்தோவனின் இசைத்தாள்கள் ஒட்டப்பட்டிருக்கின்றன. கேமராவின் கண்ணில் எந்த வரி படுகிறதோ அதையே, கோணலும் மங்கலுமாகத் தெரிகிறபடியே, கலைஞர்கள் வாசிக்கிறார்கள். ஒரு படைப்பின் கட்டமைப்பைப் பிரித்துக் காட்டும் இந்த டீகன்ஸ்ட்ரக்‌ஷனைக் ‘கட்டுடைப்பு’ என்று எழுதலாமா?

மறுமொழி

ஐயா, திறனாய்வில் அச்சொல் ஊன்றிவிட்டது உண்மைதான். ஆனால் தாங்கள் சொல்லும் காட்சியில் எந்தச் சுரமும் உடைவதில்லை. சுரத்துக்கும் சுரத்துக்கும் இடையிலான பிணைப்பே நெகிழ்கிறது. சீரோடு சீர் பொருந்தும் பிணைப்பை யாப்பில் தளை என்கிறோம். மொட்டு மலர்வதையோ சங்கப் புலவர்கள் ‘தளை அவிழ்தல்’ என்றும் ‘பிணி அவிழ்தல்’ என்றும் பாடியிருக்கிறார்கள்; பிணி என்றால் இங்கே கட்டு. ஆகவே ‘தளையவிழ்ப்பு’ என்பதே என் பரிந்துரை. 

மறுமொழி

அம்மா, தங்கள் சொல் அழகானது; வகுப்பறையில் அது நிற்காது. தளை என்றதும் யாப்புப் படித்தவருக்கு வெண்பாவுக்குரிய வெண்டளையும் மற்றவருக்குக் கால்விலங்கும்தான் நினைவுக்கு வரும். விலங்கென்று கொண்டால் காகெல் பேத்தோவனை விடுதலை செய்தார் என்றாகிவிடும். அவர் செய்தது அதுவன்று. மேலும், பிரெஞ்சு இயக்குநர் ஜெர்மேன் துலாக் 1928இல் எடுத்த ‘டிஸ்க் 957’ என்ற குறும்படத்தையும் இச்சொல் தழுவ வேண்டும். இசையமைப்பாளர் ஷோப்பானின் இரண்டு பிரெலூடுகள் (சிறு பியானோ இசைத்துண்டுகள்) தந்த உணர்வைச் சுழலும் இசைத்தட்டும் ஒளியுமாக மாற்றிய மௌனப்படம் அது. சுரமே கேளாத இடத்தில் எந்தத் தளையை அவிழ்ப்பது? ‘கட்டவிழ்ப்பு’ ஏற்கெனவே வழக்கில் இருக்கிறது. தாங்கள் விரும்பும் அவிழ்தலும் அதில் உண்டு.

மறுமொழி

அச்சுக்கு நேரமாகிவிட்டது. பெரும்பான்மையோர் ‘கட்டவிழ்ப்பு’க்கு இசைந்திருப்பதால் அதையே இடுகிறேன். அனைவருக்கும் நன்றி.

மறுமொழி

எனக்கு இசைவில்லை என்பதைப் பதிவு செய்யுங்கள், ஐயா. விறகுக்கும் கட்டு உண்டு, பூவுக்கும் கட்டு உண்டு. அடுத்தடுத்து நிற்பவை ஒன்றையொன்று எவ்வாறு பற்றி நிற்கின்றன என்பதைத் தளை ஒன்றுதான் சொல்கிறது. காகெல் கலைத்தது அந்தப் பற்றுதலைத்தான். அடுத்த பதிப்பின்போது இதை மீண்டும் எழுப்புவேன்.