புதுப்பிப்பு: கடையை ஒப்படைத்த பின் மேன்முறையீடு என்னவானது?

களுவாஞ்சிக்குடியில் அப்பா நடத்திய வாடகைக் கடையைப் பற்றி முன்பு கேட்டிருந்தேன். வெளியேறவும் மாதாந்த நட்டஈடு கட்டவும் மாவட்ட நீதிமன்றம் தீர்ப்பளித்தது. மேன்முறையீடு நிலுவையில் இருக்கும்போதே, அப்பாவுக்கு இயலாமற்போனதால் திறப்பைக் கொடுத்துவிட்டோம். இனி வழக்குக்கு உயிர் உண்டா என்பதே என் கேள்வி. பதில் எழுதிய எல்லோருக்கும் நன்றி.

பலர் மேன்முறையீட்டை மீளப்பெறச் சொன்னீர்கள். “பொறு தம்பி, மீளப்பெற்றால் கீழ்த் தீர்ப்பு நட்டஈட்டோடு அப்படியே நிற்கும்” என்று தடுத்த மட்டக்களப்பு அண்ணனின் சொல்தான் எங்களைக் காத்தது. வெளியேற்றத்தை எதிர்க்கவில்லை, நட்டஈட்டை மட்டும் எதிர்க்கிறோம் என்று சட்டத்தரணி நகர்த்தல் பத்திரம் (நீதிமன்றத்துக்கு எழுத்தில் கொடுக்கும் விண்ணப்பம்) இட்டார். 2006ஆம் ஆண்டின் 54ஆம் இலக்கச் சட்டத்தின்படி இத்தகைய மேன்முறையீடுகள் மாகாண மேல் நீதிமன்றத்துக்கே போகின்றன. வெளியேற்றம் பற்றித் தீர்ப்புச் சொல்ல ஒன்றுமில்லை, பணத் தகராறு உயிரோடு இருக்கிறது என்று அங்கே ஏற்றுக்கொண்டார்கள். தொகை குறைந்தது.

எதிர்பாராதது ஒன்று. நட்டஈடு உடைமை ஒப்படைக்கும் நாள்வரை ஓடியது. உரிமையாளர் பிந்திய தேதியைச் சொன்னார். திறப்பைக் கொடுத்தபோது அப்பா வற்புறுத்தி வாங்கிய, கசங்கிய அரைத்தாள் பற்றுச்சீட்டில் உரிமையாளரின் கையெழுத்தும் தேதியும் இருந்தன. கணக்கு அந்த நாளோடு நின்றது.

எழுத்தாணை (பொது அதிகாரிகளுக்கு உயர் நிலை நீதிமன்றம் இடும் கட்டளை) கேட்டிருப்பவர்கள் இதை அப்படியே பின்பற்ற வேண்டாம். விடயம் முடிந்துபோய்ப் பலன் தராத எழுத்தாணையை நீதிமன்றம் பொதுவாக வழங்குவதில்லை.