சித்துயின் பலகையில் யானை ஏன் ஒரு கட்டம்தான் நகர்கிறது?

கமாயூட் தந்தை (யாங்கோன்) கேட்டது:

அனைவருக்கும் வணக்கம். பத்து வயதாகும் என் மகளுக்கு ஓராண்டாகச் சதுரங்கம் சொல்லித் தருகிறேன். என் தந்தை எனக்குச் சொன்ன பெயர்களையே அவளுக்கும் சொன்னேன்: மூலையில் யானை, அதையடுத்துக் குதிரை, பிறகு மந்திரி, நடுவில் ராஜாவும் ராணியும், முன்வரிசையில் எட்டுச் சிப்பாய்கள். சென்ற ஞாயிறன்று, மோன்யுவாவைச் சேர்ந்த என் அலுவலக நண்பர் தம் தாத்தா வைத்திருந்த, பர்மியச் சதுரங்கமான சித்துயின் பலகையைத் தேநீர்க் கடைக்குக் கொண்டுவந்தார். தேக்கில் செதுக்கி ஒரு பக்கத்துக்குச் சிவப்பும் மறுபக்கத்துக்குக் கறுப்பும் பூசிய காய்கள்; கைபட்டுக் கைபட்டுக் குதிரைகளின் காதுகள் தேய்ந்திருந்தன. பலகையிலோ கறுப்பு வெள்ளைக் கட்டங்கள் இல்லை. வெறும் கோடுகளும், மூலைக்கு மூலை ஓடும் இரண்டு நீண்ட கோடுகளுமே இருந்தன.

'சின்' என்றால் யானை என்பது என் மகளுக்குத் தெரியும். அந்தக் காயை எடுத்து, எங்கள் வீட்டு வழக்கப்படி நேராக நான்கைந்து கட்டம் தள்ளிவிட்டாள். நண்பர் பொறுமையாக அதைப் பழைய இடத்தில் வைத்து, முன்னால் ஒரு கட்டம் அல்லது குறுக்காக நான்கு பக்கமும் ஒரு கட்டம், இவ்வளவுதான் இதன் நடை என்றார். ராணி இருக்க வேண்டிய இடத்தில் 'சிட்கே' என்றொரு காய். அதுவும் குறுக்காக ஒரு கட்டத்துக்கு மேல் போகாது. எது உண்மையான யானை என்று மகள் கேட்கிறாள்; எனக்கு விடை தெரியவில்லை. இரண்டு ஆட்டங்களையும் ஒரே நேரத்தில் கற்பதால் அவள் குழம்பிவிடுவாளோ என்ற கவலையும் இருக்கிறது. விவரம் அறிந்தவர்கள் சொல்லுங்கள்.

பகோ தமிழாசிரியை:

ஐயா, உங்கள் மகளின் கேள்வி மிக நல்ல கேள்வி. சதுரங்கம் என்ற பெயருக்கு நான்கு உறுப்புகள் என்று பொருள். தேர், யானை, குதிரை, காலாள் என்று நம் இலக்கியங்கள் சொல்லும் நாற்படைதான் அந்த நான்கு. ஏறத்தாழ 6ஆம் நூற்றாண்டில் வட இந்தியாவில் உருவான அந்த ஆட்டம் மேற்கே பாரசீகத்துக்கும் அங்கிருந்து அரபு நாடுகளுக்கும் போனது. கிழக்கே பர்மாவுக்கும் சயாமுக்கும் வந்தது.

சித்துயினில் அந்த நாற்படை கலையாமல் இருப்பதைப் பாருங்கள். சின் யானை, மியின் குதிரை, நே காலாள். 'யத்தா' என்பது வேறொன்றுமில்லை, நம்முடைய 'ரதம்'தான். பர்மிய நாவில் ரகரம் யகரமாகும். ரங்கூன் யாங்கோன் ஆனதைப் போலவே ரதம் யத்தா ஆயிற்று. நீங்கள் யானை என்று அழைக்கும் மூலைக்காய் எப்படி நகருமோ, அப்படியேதான் யத்தா நகரும். ஆகவே உங்கள் வீட்டு யானை ஆதியில் தேராக இருந்தது. ஐரோப்பியர் அதை 'ரூக்' என்பதும் தேரைக் குறிக்கும் 'ருக்' என்ற பாரசீகச் சொல்லிலிருந்து வந்ததே.

யானையின் பழைய நடைக்குச் சான்றும் இருக்கிறது. ஏறத்தாழ 1030இல் இந்தியாவைப் பற்றி எழுதிய அறிஞர் அல்பிரூனி, இங்குள்ளவர்கள் யானையை முன்னால் ஒரு கட்டமும் குறுக்காக நான்கு பக்கம் ஒவ்வொரு கட்டமும் நகர்த்துகிறார்கள் என்றும், அந்த ஐந்து இடங்களும் தும்பிக்கையையும் நான்கு கால்களையும் குறிக்கின்றன என்றும் எழுதியிருக்கிறார். உங்கள் நண்பர் தேநீர்க் கடையில் காட்டிய நடை இதுவேதான். சயாமின் மக்ருக் ஆட்டத்தில் 'கோன்' என்ற காயும், ஜப்பானியரின் ஷோகி ஆட்டத்தில் வெள்ளித் தளபதியும் இன்றும் இப்படியே நடக்கின்றன. குழந்தையின் கையில் அந்தக் காயைக் கொடுத்து, தும்பிக்கை எங்கே, கால்கள் எங்கே என்று கட்டங்களைத் தொட்டுக் காட்டச் சொல்லுங்கள். பிறகு ஒருநாளும் மறக்க மாட்டாள்.

சிட்கே என்பது மன்னராட்சிக் காலத்துப் படைத்தலைமைப் பதவி. ஆதியில் அரசனுக்கு அருகில் நின்றவர் அமைச்சரோ தளபதியோ தான், அரசி அல்ல. குறுக்காக ஒரு கட்டம் மட்டுமே நகர்ந்த அந்தக் காய், 15ஆம் நூற்றாண்டின் இறுதியில் ஸ்பெயினில் எல்லாத் திசைகளிலும் பாயும் அரசியாக மாறியது. அப்போதே பக்கத்துக் காய்க்கும் குறுக்குக் கோடு முழுவதும் ஓடும் வலிமை கிடைத்தது. அந்தப் பக்கத்துக் காய்தான் உண்மையில் பழைய யானை. ரஷ்யர்கள் இன்றும் அதை யானை என்றே அழைக்கிறார்கள். நம்மவர்கள் அதற்கு மந்திரி என்று பெயர் வைத்தது, அரசி வந்து அமர்ந்ததும் இடமிழந்த அமைச்சரைப் பக்கத்தில் அமர்த்தியதாக இருக்கலாம் என்பது என் எண்ணம்.

மாந்தலே ஆட்டக்காரர்:

ஆசிரியை அம்மா சொன்னவற்றை ஏற்கிறேன். ஒன்றை மட்டும் சேர்க்க விரும்புகிறேன். யானையைப் பற்றியே பேசிக்கொண்டிருந்தால் சித்துயினின் உண்மையான அழகு விட்டுப்போகும். அது காய்களை அடுக்குவதிலேயே தொடங்கிவிடுகிறது.

ஆட்டத் தொடக்கத்தில் நேக்கள் மட்டுமே பலகையில் நிற்கும். அவரவர் பக்கத்திலிருந்து பார்க்கும்போது இடப்புற நான்கு நேக்கள் மூன்றாம் வரிசையிலும் வலப்புற நான்கு நேக்கள் நான்காம் வரிசையிலும் இருக்கும். எதிரெதிர் நேக்களுக்கு நடுவில் ஒரே ஒரு கட்டம்தான் காலியாக இருக்கும். பலகையின் நடுவிலோ சிவப்பு நே ஒன்றும் கறுப்பு நே ஒன்றும் ஒரு காயும் நகராத நிலையிலேயே ஒன்றையொன்று வெட்டக்கூடிய கட்டங்களில் நிற்கும். சிவப்பு ஆட்டக்காரர் தம் மற்ற எட்டுக் காய்களையும் நேக்களுக்குப் பின்னால் விரும்பியபடி அடுக்குவார். யத்தாக்களை மட்டும் கடைசி வரிசையில் வைப்பது வழக்கம். அதைப் பார்த்துவிட்டுக் கறுப்பு ஆட்டக்காரர் தம் காய்களை அடுக்குவார். எதிரியின் யத்தா எந்த வரிசையை நோக்கி நிற்கிறது, அரசனை எந்தப் பக்கம் ஒதுக்கியிருக்கிறார் என்று கணித்து அடுக்கும் அந்தச் சில நிமிடங்களிலேயே பாதி ஆட்டம் முடிவாகிவிடுவதை நான் பலமுறை கண்டிருக்கிறேன். மனப்பாடம் செய்த தொடக்க நகர்வுகள் இங்கே உதவாது. அரசனையும் மூலைக்காயையும் ஒரே நகர்வில் நகர்த்தும் 'கோட்டை கட்டுதல்' என்பதும் கிடையாது. நே முதல் நகர்விலும் ஒரு கட்டம்தான் போகும்.

அந்த இரண்டு நீண்ட கோடுகளின் பயனையும் சொல்லிவிடுகிறேன். எதிரியின் பாதியில் அந்தக் கோட்டின் மேல் நிற்கும் நே சிட்கேயாக உயரலாம். ஆனால் உங்கள் சிட்கே வெட்டுப்பட்டிருந்தால் மட்டுமே உயரலாம். ஒரு பக்கத்தில் இரண்டு சிட்கேகள் ஒருபோதும் இருக்க முடியாது. உயரும் அந்த நகர்வில் எதிரியின் காயை வெட்டவும் கூடாது, அரசனுக்கு செக் வைக்கவும் கூடாது.

தவுங்கூ வாசகி:

குழந்தை குழம்பிவிடுவாளோ என்ற கவலைக்கு என் பதில். என் ஊரில் பிறந்த ஒருவரைப் பற்றிச் சொல்ல வேண்டும் என்பதால் இந்த இழையைப் பார்த்ததும் மனம் நிறைந்தது. இந்தியாவின் முதல் சர்வதேச மாஸ்டரான மானுவல் ஆரோன் 1935இல் பிறந்தது இந்தத் தவுங்கூவில்தான். தமிழ்நாட்டில் வளர்ந்து, 1959க்கும் 1981க்கும் இடையில் ஒன்பது முறை இந்திய தேசியச் சாம்பியனாகி, 1961இல் சர்வதேச மாஸ்டர் பட்டம் பெற்றார். 1960இல் லைப்சிக் ஒலிம்பியாடில் முன்னாள் உலகச் சாம்பியன் மாக்ஸ் யூவேயை வென்றார். 1972இல் சென்னை சோவியத் பண்பாட்டு மையத்தில் அவர் தொடங்கிய தால் சதுரங்கக் கழகத்தில்தான் சிறுவன் விஸ்வநாதன் ஆனந்த் விளையாடிப் பழகினார். அதே ஆனந்த் 1988இல் இந்தியாவின் முதல் கிராண்ட் மாஸ்டரானார். இதை நம் பிள்ளைகளுக்கு யாரும் சொல்வதில்லையே என்பது எனக்கு நெடுநாளைய வருத்தம்.

விதிகள் மாறுவதைப் பற்றியும் சொல்கிறேன். இந்தியாவிலேயே முன்பு நாட்டு முறை என்று தனி விதிகள் இருந்தன: அரசன் ஒரே ஒரு முறை குதிரையைப் போலத் தாவலாம், சிப்பாய் எந்த வரிசையில் கடைசிக் கட்டத்தை எட்டியதோ அந்த வரிசைக்குரிய காயாகவே மாறும். அந்த முறையில் வளர்ந்த மீர் சுல்தான் கான், இங்கிலாந்து சென்று ஐரோப்பிய விதிகளைப் பழகி, 1929, 1932, 1933 ஆகிய மூன்று ஆண்டுகளிலும் பிரிட்டிஷ் சாம்பியன் ஆனார். ஒரு விதியில் ஊறியவருக்கு மற்றொன்று தடையாகவில்லை. இரண்டையும் தாராளமாகக் கற்றுக் கொடுங்கள், அண்ணா.

கமாயூட் தந்தை (யாங்கோன்):

மூவருக்கும் நன்றி. நேற்றிரவு தும்பிக்கையும் கால்களுமாக ஐந்து கட்டங்களில் ஐந்து புளியங்கொட்டைகளை வைத்துக் காட்டினேன். மகள் உடனே பிடித்துக்கொண்டாள். ஆனால் அடுத்த கேள்வியும் வந்துவிட்டது. சிட்கே உயிரோடு இருக்கும்போதே ஒரு நே அந்த நீண்ட கோட்டின் மேல் வந்து நின்றுவிட்டால் அதை என்ன செய்வது?

மாந்தலே ஆட்டக்காரர்:

அங்கேயே நிறுத்தி வைக்க வேண்டும், ஐயா. கோட்டைத் தாண்டி முன்னே போய்விட்டால் உயரும் வாய்ப்பு கைவிட்டுப் போகும். தேர்ந்தவர்கள் இப்படி ஒரு நேயைக் கோட்டின் மேல் காவலோடு நிறுத்திவிட்டு, தம் சிட்கேயைத் தாமாகவே எதிரியின் யானைக்கு வெட்டுக் கொடுப்பார்கள். பதிலுக்கு அந்த யானையை வெட்டிக்கொண்டு, அடுத்த சந்தர்ப்பத்திலேயே புதிய சிட்கேயை எதிரியின் வாசலில் எழுப்புவார்கள். அடுத்த ஞாயிறு உங்கள் நண்பரிடம் இதைச் செய்து காட்டச் சொல்லுங்கள். மோன்யுவாக்காரருக்கு இது நன்றாகவே தெரிந்திருக்கும்.