கொதிநிலை கூடினால் ஆவியாதல் வெப்பமும் கூடுமா?

அல்சூர்_மாணவன்:
பென்சீன் 80 டிகிரியில் கொதிக்கிறது, எத்தனால் 78-லேயே. ஆனால் ஒரு மோலை ஆவியாக்க பென்சீனுக்கு 30.7 கிலோஜூல் போதும், எத்தனாலுக்கு 38.6 வேண்டும். எப்படி? பெங்களூரில் தண்ணீர் 97 டிகிரியிலேயே கொதிப்பதால் இங்கே ஆவியாதல் வெப்பமும் குறைவா?

குடுவைக்காரர்:
டிரௌட்டன் விதியைப் பாருங்கள். ஆவியாதல் வெப்பத்தைக் கெல்வினில் உள்ள கொதிநிலையால் வகுத்தால் சாதாரணத் திரவங்களுக்கு ஒரு மோலுக்கு, ஒரு கெல்வினுக்கு 85 முதல் 88 ஜூல் வரும். பென்சீனுக்கு 87. அந்த எண்தான் ஆவியாகும்போது கூடும் என்ட்ரோபி, அதாவது மூலக்கூறுகளின் ஒழுங்கின்மையின் அளவு. ஒரே அழுத்தத்தில் எந்த ஆவியும் மோலுக்கு ஏறக்குறைய ஒரே அளவு இடத்தில் பரவுவதால் அது பெரிதாக மாறுவதில்லை.

எத்தனாலின் மூலக்கூறுகளை ஹைட்ரஜன் பிணைப்பு திரவத்திலேயே ஒழுங்காகப் பிடித்து வைத்திருக்கிறது. அதைக் குலைக்க வேண்டியிருப்பதால் 110 வருகிறது, தண்ணீருக்கு 109. அசிட்டிக் அமிலம் நேர்மாறு: 118 டிகிரியில் கொதித்தும் 23.7 கிலோஜூல்தான், வகுத்தால் 61. ஆவியிலும் அதன் மூலக்கூறுகள் பல ஜோடியாகவே இருப்பதுதான் காரணம். இதற்கு 88 போட்டுக் கண்டென்சர் (ஆவியைக் குளிர்வித்துத் திரவமாக்கும் கருவி) அளவைக் கணக்கிடவே கூடாது.

நீராவி:
பெங்களூர்க் கேள்விக்கு விடை தலைகீழ். கடல்மட்டத்திலிருந்து சுமார் 920 மீட்டர் உயரம், காற்றழுத்தம் ஏறக்குறைய 91 கிலோபாஸ்கல், அதனால்தான் 97. ஆனால் ஒரே திரவத்தை எடுத்துக்கொண்டால் வெப்பநிலை குறையக் குறைய ஆவியாதல் வெப்பம் ஏறும். கிராமுக்கு 100 டிகிரியில் 2257 ஜூல், 97-ல் சுமார் 2265, 25-ல் 2442. மேலே போனால் 374 டிகிரியில் பூஜ்யம். டிரௌட்டன் விதி வெவ்வேறு திரவங்களை ஒப்பிடத்தான்.

அல்சூர்_மாணவன்:
நன்றி சார். கல்லூரி லேபில் இதை அளக்க முடியுமா?

குடுவைக்காரர்:
தாராளமாக. தராசின் மேல் முக்கால் பங்கு தண்ணீருடன் பீக்கர், அதற்குள் ஸ்டாண்டிலிருந்து தொங்கும் ஹீட்டர். அதன் வயர் தராசையோ பீக்கரையோ தொடக்கூடாது. டிம்மர்ஸ்டாட்டில் (வோல்டேஜைக் கூட்டிக் குறைக்கும் கருவி) 300 வாட் வைத்து, நன்றாகக் கொதித்த பிறகு 10 நிமிடத்தில் குறையும் எடையைக் குறியுங்கள். அடுத்து 200 வாட்டில் அதே 10 நிமிடம். இரண்டிலும் தண்ணீர் ஒரே வெப்பநிலையில் இருப்பதால் வெளியே வீணாகும் வெப்பம் சமம், கழித்தால் அடிபட்டுப்போகும். மிஞ்சுவது 100 வாட் × 600 விநாடி = 60,000 ஜூல். இரண்டு எடைக்குறைவுகளின் வித்தியாசம் 26.5 கிராம் (60,000 ÷ 2265) வர வேண்டும். கழிக்காமல் ஒரே அளவீட்டில் கணக்கிட்டால் விடை கூடுதலாக வரும்.

துளி தெறித்தால் ஆவியாகாமலே எடை குறைந்து விடை இறங்கிவிடும். உயரமான பீக்கர் எடுங்கள். மின்விசிறியை நிறுத்துங்கள். மெயின் வோல்டேஜ் ஆடும், அதனால் வாட் அளவை நிமிடத்துக்கு ஒருமுறை எழுதிச் சராசரி எடுங்கள். எத்தனாலை இப்படித் திறந்த பீக்கரில் கொதிக்கவிடவே கூடாது, ஆவி தீப்பிடிக்கும்.