கிளார்க் கீ பம்போட்: மோட்டார் மாறிய பிறகும் அது பழைய படகா?

தண்டல்பேரன்:
சிங்கப்பூர் ஆற்றில் கிளார்க் கீ துறையிலிருந்து ஓடும் பம்போட் என்ற சுற்றுலாப் படகைப் பற்றி இங்கே ஒருவர் உருகி உருகி எழுதியிருந்தார். “நம் தாத்தாக்கள் அரிசி மூட்டை ஏற்றிய அதே படகு, துளியும் மாறாமல் இன்றும் ஓடுகிறது” என்று முடித்திருந்தார். கீழே வரிசையாகக் கைதட்டல் வேறு. ஐயா, அந்தப் படகில் இருப்பது மின்மோட்டார். பேட்டரிக்கு சார்ஜ் ஏற்றி ஓட்டுகிறார்கள். ஏறுங்கள், நாற்பது நிமிடம் உட்காருங்கள், ஒலிபெருக்கி சொல்வதைக் கேளுங்கள், மெர்லயன் முன்னால் படம் எடுங்கள். யாரும் தடுக்கவில்லை. ஆனால் “துளியும் மாறாமல்” என்று எழுதுவதற்கு ஒரு தைரியம் வேண்டும். என் தாத்தா தொங்கான் என்ற சரக்குத் தோணியில் தண்டலாக, அதாவது படகோட்டிகளின் தலைவராக, இருந்தவர். மோட்டார் சத்தம் கேட்காத தொங்கானைப் பார்த்திருந்தால், இஞ்சினை எவன் கழற்றிக்கொண்டு போனான் என்று கேட்டிருப்பார்.

ஆற்றங்கரை:
அந்த “ஒருவர்” நான்தான். பெயர் சொல்லியே திட்டலாம், கோபித்துக்கொள்ள மாட்டேன்.

ஊரிலிருந்து வந்த சொந்தக்காரர்களை அழைத்துப் போனேன், பிடித்தது, எழுதினேன். மரப்பலகை உடம்பு, அகன்ற வயிறு, முகப்பின் இரண்டு பக்கமும் தீட்டிய கண்கள், எல்லாம் அப்படியேதான் இருக்கின்றன. தண்ணீருக்குள் சுற்றும் மோட்டார் யார் கண்ணுக்குத் தெரிகிறது?

தண்டல்பேரன்:
கண்ணுக்குத் தெரியாது, சரி. காதுக்கு? ஆற்றோரத்தில் வளர்ந்தவர்களைக் கேட்டுப் பாருங்கள், பார்ப்பதற்கு முன்னால் சத்தம்தான் வரும். மோட்டார் மாறியது என்றால் படகு மாறியது. இதில் விவாதிக்க என்ன இருக்கிறது?

கணக்குப்பிள்ளை:
விவாதிக்க நிறையவே இருக்கிறது அண்ணே.

இந்த ஆற்றில் சரக்குத் தோணிகள் 1820களிலிருந்து ஓடின. அவற்றில் மோட்டார் பரவலானது இரண்டாம் உலகப் போருக்குப் பிறகுதான். அதற்கு முன்னால் நூறு வருடத்துக்கும் மேலாகப் பாய், துடுப்பு, நீளமான கழி, ஆள் பலம். 1869இல் கட்டிய கேவனா பாலம் தாழ்வாக இருந்ததால், நீர் ஏறியிருக்கும்போது தோணிகள் அடியில் நுழைய முடியாமல் வற்றம் வரும்வரை காத்துக் கிடந்தன. அந்தக் காலத்துத் தண்டல் ஒருவர் எழுந்து வந்து உங்கள் தாத்தாவின் டீசல் தொங்கானைப் பார்த்தால், “இது என்ன கருமம், புகை விடுகிறது” என்றுதான் கேட்பார். மோட்டார் மாறினால் படகு மாறியது என்றால், முதலில் மாற்றியது உங்கள் தாத்தா காலத்து ஆட்கள்தான்.

சும்மா_பார்ப்பவன்:
ஐயோ, தாத்தாவையே இழுத்துவிட்டாரே. பாப்கார்ன் எடுத்து வருகிறேன்.

தண்டல்பேரன்:
கணக்குப்பிள்ளை தம்பி புத்தகம் படித்துவிட்டு வந்திருக்கிறார். நல்லது. ஆனால் பாயிலிருந்து டீசலுக்குப் போனது வேலைக்காக. அதிக மூட்டை, சீக்கிரம் போய்ச் சேரணும், அதனால் மாற்றினார்கள். டீசலிலிருந்து பேட்டரிக்குப் போனது எதற்காக? உட்கார்ந்திருப்பவர் காதில் ஒலிபெருக்கி நன்றாகக் கேட்பதற்காக. இரண்டும் ஒன்றா?

கணக்குப்பிள்ளை:
ஒலிபெருக்கிக்காகவா! 2008இல் மரினா அணைக்கட்டு வந்த பிறகு இந்த ஆறு நம் குடிநீர்த் தேக்கத்தில் ஒரு பகுதி. சொட்டு டீசல் விழுந்தாலும் சுற்றி வந்து உங்கள் வீட்டுக் குழாயில்தான் நிற்கும். தாத்தா நினைவாக வடிகட்டாமல் குடிக்கத் தயாரா?

நாகூரான்:
நீங்கள் எல்லோரும் மோட்டாரைப் பிடித்துத் தொங்குகிறீர்கள். எனக்கு ஒரே ஒரு குறை. நாற்பது நிமிடம் ஒலிபெருக்கி பேசுகிறதே, அதில் நம்மவர்களைப் பற்றி எவ்வளவு பேசுகிறது? ஆரம்ப காலத்தில் இந்த ஆற்றில் தோணித் தொழில் பெரும்பாலும் நாகப்பட்டினம், நாகூர்ப் பக்கத்திலிருந்து வந்த சூலியாக்கள் என்ற தமிழ் முஸ்லிம்கள் கையில் இருந்தது. 1826இல் தொடங்கிய ஜாமியா சூலியா பள்ளிவாசல், 1828க்கும் 1830க்கும் நடுவில் கட்டிய தெலுக் ஆயர் நாகூர் தர்கா, எல்லாம் அந்தக் கூட்டத்தின் அடையாளம். 19ஆம் நூற்றாண்டின் பிற்பாதியில்தான் ஹொக்கியன், தியோச்சு சீனர்கள் கைக்குத் தொழில் மாறியது. படகு பழையதா புதியதா என்பது இருக்கட்டும், அதில் சொல்லும் கதையே பாதிதான்.

ஆற்றங்கரை:
இது நியாயமான குறை. ஆசிய நாகரிக அருங்காட்சியகத்துக்குப் பக்கத்தில் செட்டியார் சிலை இருக்கிறது, அதையாவது காட்டுகிறார்கள்.

நாகூரான்:
செட்டியார் வட்டிக்கு விட்டார், மூட்டை சுமக்கவில்லை. மார்க்கெட் ஸ்திரீட்டில் கிட்டங்கி என்ற வட்டிக்கடை வைத்திருந்தவரையும் ஆற்றில் கழி ஊன்றியவரையும் ஒரே சிலையில் முடித்துவிடலாம் என்றால் ரொம்ப வசதி.

ஆற்றங்கரை:
கிட்டங்கியில் கடன் வாங்கித் தோணி வாங்கியவர்களும் இருந்திருப்பார்களே. எதற்கெடுத்தாலும் ஏன் சண்டை?

தண்டல்பேரன்:
செட்டியார் கதைக்குத் தனி இழை தொடங்குங்கள். இங்கே கேள்வி மோட்டார். ஆற்றங்கரை இன்னும் பதில் சொல்லவில்லை. “துளியும் மாறாமல்” என்று எழுதினீர்களா இல்லையா?

ஆற்றங்கரை:
எழுதினேன், மறுபடியும் எழுதுவேன். திருவாரூர் ஆழித்தேருக்கு இன்று திருச்சி பெல் (BHEL) நிறுவனம் செய்து கொடுத்த இரும்புச் சக்கரமும் ஹைட்ராலிக் பிரேக்கும் இருக்கின்றன. பின்னால் புல்டோசர் வைத்துத் தள்ளுகிறார்கள். அதனால் அது ஆழித்தேர் இல்லை என்று போய்த் திருவாரூர்க் கீழவீதியில் நின்று சொல்லுங்கள் பார்ப்போம்.

சும்மா_பார்ப்பவன்:
சொல்லிவிட்டு உயிரோடு திரும்பி வந்தால் காணொளி போடுங்கள்.

தண்டல்பேரன்:
தேர் உதாரணம் உங்களுக்கு எதிராகத்தான் பேசுகிறது, கவனித்தீர்களா? அந்தத் தேரில் இன்றும் தியாகராஜர்தான் உட்காருகிறார். இன்றும் வடம் பிடிக்கிறார்கள். சக்கரம் மாறினாலும் தேரின் வேலை மாறவில்லை. உங்கள் படகில் மூட்டை எங்கே? ஆற்றோரத் துறையான போட் கீ படிக்கட்டுக்கும் தோணிக்கும் நடுவில் ஒற்றைப் பலகை போட்டிருப்பார்கள். ஈரத்தில் வழுக்கும், நடக்க நடக்கத் துள்ளும். அதில் முதுகில் மூட்டையோடு போய்க் கிடங்கு வாசலில் இறக்கினால் கையில் ஒரு குச்சி. சாயங்காலம் குச்சியை எண்ணித்தான் கூலி. என் தாத்தா சொல்லுவார், பலகையில் போகும்போது எதிரே வருகிறவனின் காலைப் பார், முகத்தைப் பார்க்காதே என்று. இப்போது அதே இடத்தில் ஐஸ்கிரீமோடு ஏறுகிறார்கள். அதுதான் “அதே படகு”.

கணக்குப்பிள்ளை:
நில்லுங்கள். மேலே மோட்டார் மாறினால் படகு மாறியது என்றீர்கள். இப்போது சக்கரம் மாறலாம், வேலைதான் மாறக் கூடாது என்கிறீர்கள். எது குற்றம் என்று ஒரு முடிவுக்கு வாருங்கள். மோட்டாரா, மூட்டையா?

தண்டல்பேரன்:
இரண்டும். மோட்டார்தான் முக்கியம்.

கணக்குப்பிள்ளை:
அற்புதம். தஞ்சோங் பகார் ரயில் நிலைய இழையிலும் இதே கதைதான். கடைசி ரயில் 2011 ஜூன் 30 இரவு என்று நான் எழுதியதற்கு, இல்லை ஜூலை என்று பக்கம் பக்கமாகச் சண்டை போட்டீர்கள்.

தண்டல்பேரன்:
நிலையம் மூடியது ஜூலை 1. நான் நிலையத்தைச் சொன்னேன், நீங்கள் ரயிலைச் சொன்னீர்கள். அப்போதும் உங்களுக்குப் புரியவில்லை, இப்போதும் புரியவில்லை.

உபின்_சைக்கிள்:
யாராவது சாங்கி கிராமத்துப் படகுத்துறைக்குப் போயிருக்கிறீர்களா? பூலாவ் உபின் தீவுக்குப் போகும் பம்போட் இன்னும் டீசல்தான். 12 பேர் சேர்ந்தால்தான் கிளம்பும், அதுவரை பெஞ்சில் காத்திருக்க வேண்டும். சைக்கிளுக்குத் தனிக் காசு. இறங்கும்போது சட்டையில் புகை வாசனை ஒட்டியிருக்கும். ஒலிபெருக்கி கிடையாது, படகோட்டி வாயே திறக்க மாட்டார். இன்றைக்கும் வேலை செய்கிற படகு வேண்டுமென்றால் அது அங்கே இருக்கிறது. கிளார்க் கீயில் நின்று எதற்கு அடித்துக்கொள்கிறீர்கள்?

தண்டல்பேரன்:
இவர் ஒருவருக்குத்தான் புரிந்திருக்கிறது. டீசல்!

கணக்குப்பிள்ளை:
ஆனால் உபின் படகு ஆள் ஏற்றுகிறது, மூட்டை ஏற்றவில்லை. தங்கள் சட்டப்படி அதுவும் செல்லாது.

உபின்_சைக்கிள்:
என்னை ஏன் இழுக்கிறீர்கள்? நான் சைக்கிள் ஓட்டப் போகிறவன்.

ஆற்றங்கரை:
ஒன்று சொல்கிறேன். 1977 பிப்ரவரியில் லீ குவான் இயூ ஆற்றைச் சுத்தம் செய்யப் பத்து வருடக் கெடு வைத்தார். 1983 செப்டம்பரில் ஏறக்குறைய 800 தோணிகளை இங்கிருந்து பாசிர் பாஞ்சாங் கடற்கரைக்கு அனுப்பினார்கள். ஆறு சுத்தமானது, சரி. ஆனால் தோணி ஒன்றுகூட இல்லாத ஆறாகப் போயிருக்கும். அதற்குப் பிறகு சுற்றுலா என்ற பெயரிலாவது சில படகுகள் மிதக்கின்றன. நீங்கள் கேட்கும் டீசலும் மூட்டையும் வேண்டுமென்றால் படகே இருந்திருக்காது. மக்கிப்போன மரமாகப் பார்ப்பதற்கு, பேட்டரியோடு பார்ப்பது மேல்.

நாகூரான்:
தோணித் தொழில் போனதற்கு ஆற்றுச் சுத்திகரிப்பு மட்டும் காரணம் இல்லை. 1972இல் தஞ்சோங் பகார் துறைமுகத்துக்கு முதல் கொள்கலன் கப்பல் வந்த அன்றே கதை முடிந்தது. கப்பல் நேரே துறையில் கட்டி, பளு தூக்கி இறக்கினால், நடுவில் தோணி எதற்கு?

தண்டல்பேரன்:
அன்றே முடியவில்லை, அதற்குப் பிறகும் பதினோரு வருடம் ஆற்றில் ஓடின. சரித்திரம் பேசுகிறவர்கள் கணக்கும் பார்க்க வேண்டும். அப்புறம் ஆற்றங்கரை, “மக்கிப்போன மரம்” என்று சொன்னீர்களே, அந்த வார்த்தை எனக்கு வலிக்கிறது. பாசிர் பாஞ்சாங்குக்குப் போன பிறகு எங்கள் வீட்டில் இரண்டு தலைமுறைத் தொழில் போனது. அங்கே ஆற்றைப் போல அமைதியான தண்ணீர் கிடையாது. இதையெல்லாம் ஒலிபெருக்கி சொல்லாது.

கணக்குப்பிள்ளை:
கேட்கக் கூடாதுதான், இருந்தாலும் கேட்கிறேன். 1960களிலும் 70களிலும் இந்த ஆற்றில் ஓட்டியவர்கள் பெரும்பாலும் சீனர்கள். நாகூரானே மேலே சொல்லிவிட்டார். உங்கள் தாத்தா எந்தத் தொங்கானில், எந்தத் துறையில் தண்டலாக இருந்தார்?

சும்மா_பார்ப்பவன்:
பாப்கார்ன் தீர்ந்துவிட்டது. இன்னொரு வாளி.

தண்டல்பேரன்:
பெரும்பாலும் என்றால் எல்லோரும் என்று அர்த்தமா? என் குடும்ப அட்டவணையை உங்களிடம் சமர்ப்பிக்க வேண்டிய அவசியம் எனக்கில்லை. நாகூரான், இவரிடம் சொல்லுங்கள்.

நாகூரான்:
நான் எதற்கு? போன மாதம் மொழிபெயர்ப்புப் பலகை இழையில் நான் தனியாக நின்றபோது நீங்கள் எங்கே இருந்தீர்கள்?

ஆற்றங்கரை:
எல்லோரும் தலைப்புக்கு வாருங்கள்.

தண்டல்பேரன்:
தலைப்பு மோட்டார். அதைத்தான் முதலிலிருந்து சொல்கிறேன். இதுவரை ஒருவர்கூட “ஆமாம், மோட்டார் பழையது இல்லை” என்று எழுதவில்லை. மற்றதெல்லாம் எழுதுகிறீர்கள்.

கணக்குப்பிள்ளை:
மோட்டார் பழையது என்று யாரும் சொல்லவே இல்லையே!

தண்டல்பேரன்:
“துளியும் மாறாமல்” என்றால் அதுதான் அர்த்தம்.

புதுவரவு:
வணக்கம், இந்தப் பக்கத்துக்குப் புதிது. அடுத்த வாரம் அம்மாவோடு வருகிறேன். அம்மாவுக்கு முழங்கால் வலி. படகில் ஏற இறங்கச் சிரமமா? பகல் நல்லதா, ராத்திரி நல்லதா?

தண்டல்பேரன்:
வாருங்கள் அம்மா. ஏறுவதற்கு முன்னால் ஒன்று தெரிந்துகொள்ளுங்கள், அது பழைய படகு இல்லை. மின்மோட்டார்.

புதுவரவு:
சரிங்க. முழங்கால் வலிக்கு?

ஆற்றங்கரை:
வெயில் தாழ்ந்த பிறகு வாருங்கள், பாலங்களில் எல்லாம் விளக்குப் போட்டிருப்பார்கள். துறையில் நிற்பவர்கள் கைகொடுப்பார்கள். இப்போது ஆற்றில் கடல் ஏற்ற இறக்கம் கிடையாது, அதனால் படகும் துறையும் எப்போதும் ஏறக்குறைய ஒரே மட்டத்தில்தான் இருக்கும். பயப்பட ஒன்றுமில்லை.

தண்டல்பேரன்:
பார்த்தீர்களா, ஏற்ற இறக்கமும் கிடையாது என்று அவர் வாயாலேயே வந்துவிட்டது. ஆறும் மாறிவிட்டது, மோட்டாரும் மாறிவிட்டது. இன்னும் என்ன மிச்சம், அந்த இரண்டு கண்ணா?

கணக்குப்பிள்ளை:
அந்தக் கண்ணுக்கும் போன வருடம் புதுப் பெயின்ட் அடித்திருப்பார்கள், அதையும் ஒரு புகாராக எழுதுங்கள். ஜூன் மாதத்தில் எழுதுங்கள், ஜூலை என்று தேதி போட்டுக்கொள்ளுங்கள்.

தண்டல்பேரன்:
ஜூலை 1 என்று அன்றைக்கே ஆதாரத்தோடு போட்டேன், நீங்கள்தான் பதில் சொல்லாமல் ஓடினீர்கள். அந்த இழையை மேலே கொண்டு வருகிறேன், அங்கே வாருங்கள்.